தண்ணி படக்கூடாதாம், சரி: லீவு யார் தருவா?

கண் சத்திரசிகிச்சை முடிந்து வார்டை விட்டு வெளியே வரும் எல்லாருடைய காதிலும் கடைசியாக விழும் வசனம் ஒன்றுதான்: "கண்ணில தண்ணி படாம பாத்துக்கோங்க." சொல்லி முடிக்க அஞ்சு செக்கன் போதும். மருத்துவக் கணக்கில் அதில் ஒரு பிழையும் இல்லை. ஆனால் நோட்டன் பிரிட்ஜ் பக்கத்துத் தோட்டமொன்றின் லயத்துக் காம்பராவுக்குத் திரும்பிப் போகிற ஒரு கொழுந்துக்காரிக்கு அந்த ஒற்றை வசனத்தை மட்டும் கொடுத்து அனுப்புவதை வைத்தியம் என்று சொல்ல எங்களால் முடியாது. அது கைகழுவல். அதைப் பற்றித்தான் இந்தக் கட்டுரை.

முதலில் வைத்தியர்கள் பக்கத்து நியாயத்தைச் சொல்லிவிடுவோம். தண்ணீருக்கு ஏன் இவ்வளவு பயம்? லாசிக்கில் கண்ணின் முன்பக்கத்துக் கண்ணாடி போன்ற கருவிழிப் படலத்தில் மெல்லிய ஒரு மடிப்பை வெட்டித் திறந்து, உள்ளே லேசரால் செதுக்கி, மடிப்பைத் திரும்ப மூடிவிடுகிறார்கள். அந்தப் படலம் மொத்தமே அரை மில்லிமீற்றர் தடிப்புத்தான். மடிப்புக்குத் தையல் கிடையாது, தானாக ஒட்டிக்கொள்ள வேண்டும். கண்புரைக்கு இன்று செய்யும் சத்திரசிகிச்சையில் வெட்டு மூன்று மில்லிமீற்றருக்கும் குறைவு, பெரும்பாலும் அதற்கும் தையல் இல்லை. முதல் நாட்களில் கண்ணின் உள் அழுத்தம் ஏறி இறங்கும்போது, வெளியே நிற்கும் ஈரம் அந்த வெட்டு வழியாக உள்ளே இழுபடலாம். குழாய்த் தண்ணி, ஆற்றுத் தண்ணி, தாங்கித் தண்ணி எல்லாவற்றிலும் கிருமிகள் உண்டு. அகந்தமீபா என்றொரு ஒற்றைக்கல உயிரி இருக்கிறது. அது தன்னைச் சுற்றி ஓடு கட்டிக்கொண்டால் குளோரினுக்குக்கூட மசியாது. பார்வைக்குப் பளிங்கு போல இருக்கும் பீலித் தண்ணியும் கண்ணுக்குள்ளே போனால் சுத்தமான தண்ணி இல்லை. கண்ணின் உட்புறத்தில் கிருமி தொற்றினால் சில நாட்களிலேயே பார்வை போய்விடலாம்.

ஆக, எச்சரிக்கை சரி. எங்கள் சண்டை அந்த எச்சரிக்கை யாரை மனதில் வைத்து எழுதப்பட்டது என்பதில்தான்.

லாசிக் செய்தவர்களுக்கு அமெரிக்காவின் உணவு, மருந்து நிர்வாகம் சொல்லும் அறிவுரையில், ஒன்று முதல் இரண்டு மாதங்களுக்கு நீச்சல் வேண்டாம், சுடுநீர்த் தொட்டியில் இறங்க வேண்டாம் என்று இருக்கிறது. கொழும்பில் காசு கட்டி லாசிக் செய்துகொள்ளும் ஒருவருக்கு அது பொருந்தும். அவருக்குக் கதவு பூட்டும் குளியலறை இருக்கிறது, ஷவரின் வேகத்தைக் குறைக்கலாம், ரெண்டு கிழமை வீட்டில் இருந்து வேலை செய்யலாம். அதே பாணி அறிவுரையைத்தான் எங்கள் மலைக்கும் இறக்கி விடுகிறார்கள். நோட்டன் பிரிட்ஜில் சுடுநீர்த் தொட்டி எந்த வீட்டில் இருக்கிறது? இங்கே தண்ணி வானத்திலிருந்து வருகிறது. பக்கத்து வட்டவளையில் ஆண்டுக்கு ஏறக்குறைய 5000 மில்லிமீற்றர் மழை. நாட்டிலேயே அதிகம் நனைகிற மண் இது. மே மாதம் தென்மேற்குப் பருவக்காற்று தொடங்கினால் செப்டம்பர் வரைக்கும் படங்கும் கொங்காணியும் காயாது. அந்த மழைக்குள் மலைக்குப் போகிறவரிடம் "தண்ணி படாம பாத்துக்கோங்க" என்றால், மீனிடம் போய்ச் சொன்ன மாதிரித்தான்.

மழை மட்டுமா? காலையில் பீலிக்கரையில் நாலு வீட்டு ஆட்கள் நிற்கும்போது, ஒரு கையால் கண்ணை மூடிக்கொண்டு மறு கையால் எப்படிக் குளிப்பது? விறகடுப்புப் புகை காம்பராவை நிறைத்தால் கண் எரியும். எரிந்தால் கை தானாகத் தண்ணிக்குப் போகும். கொழுந்துக் கூடையின் கயிறு தலையில் அழுத்தும், நெற்றி வியர்வை நேராகக் கண்ணில் இறங்கும். சத்திரசிகிச்சைக்குப் பிறகு குனியாதே, பாரம் தூக்காதே என்பதும் அதே வைத்தியரின் அறிவுரைதான். குனியாமல், தூக்காமல், நனையாமல் எந்த மலையில் கொழுந்து எடுப்பது?

இதோடு இன்னொரு குழப்பமும் இருக்கிறது. எங்கள் ஊரில் கண்ணுக்கு என்ன செய்தாலும் பெயர் "லேசர்". அம்மாயிக்குப் புரை எடுத்தாலும் லேசர், மாமாவுக்குச் சீனி வருத்தத்தால் விழித்திரையில் சுட்டாலும் லேசர், புரை எடுத்து ரெண்டு வருசம் கழித்து மறுபடி மங்கலாகி அதைச் சரிசெய்தாலும் லேசர். இவை வேறு வேறு சிகிச்சைகள். சீனி வருத்தத்துக்கு விழித்திரையில் அடிக்கும் லேசரிலும், புரைக்குப் பிந்திய மங்கலை நீக்கும் யாக் லேசரிலும் கண்ணில் வெட்டே இல்லை. ஒளிதான் உள்ளே போகிறது. அன்றைக்கே முகம் கழுவலாம். லாசிக்கிலும் புரைச் சத்திரசிகிச்சையிலும்தான் வெட்டு, அங்கேதான் தண்ணீர் ஆபத்து. இதைப் பிரித்துச் சொல்லாததால் ரெண்டு அநியாயம் நடக்கிறது. வெட்டே இல்லாதவர் ஒரு மாதம் தலைக்குத் தண்ணி ஊற்றாமல், வேலைக்கும் போகாமல் பயந்து கிடக்கிறார். வெட்டு உள்ளவர், "போன தடவை ஒண்ணும் ஆகலையே" என்று மூன்றாம் நாளே கூடையைத் தூக்குகிறார்.

ஏன் மூன்றாம் நாளே போகிறார்? இந்த இடத்தில்தான் சிலர் எங்களிடம் சொல்வார்கள்: "நம்ம ஆளுங்களுக்குக் கவனம் பத்தாது, படிப்பறிவு இல்லை." தோட்டத்தில் பிறந்து படித்து மேலே போனவர்களும் இதைச் சொல்கிறார்கள் என்பதுதான் கசப்பு. கணக்குப் போட்டுப் பார்ப்போம். 2024 செப்டம்பரில் அடிப்படை நாட்சம்பளம் 1350 ரூபா ஆனது. பேர் விழாத நாளுக்குச் சம்பளம் இல்லை. கிழமைக்கு ஆறு நாள் என்று வைத்தால், ரெண்டு கிழமை வீட்டில் இருந்தால் 16,200 ரூபா போச்சு. நாலு கிழமை என்றால் 32,400. 2026 வரவு செலவுத் திட்டத்தில் அடிப்படையை 1550 ஆக்கி, அதோடு நாளுக்கு 200 ரூபா வருகைக் கொடுப்பனவும் தருவதாக அறிவித்தார்கள். நல்லது, வரவேற்கிறோம். ஆனால் கண்ணில் கட்டுப் போட்டுக்கொண்டு வீட்டில் இருப்பவருக்கு அந்த 1550உம் இல்லை, 200உம் இல்லை. சம்பளம் உயர உயர, படுத்திருக்கும் நாளின் நட்டமும் உயர்கிறது.

அரசாங்க ஆஸ்பத்திரியில் சத்திரசிகிச்சை இலவசம். பெருமைப்பட வேண்டிய விசயம்தான். ஆனால் கண் ஆறுவது இலவசமில்லை, அதன் செலவை முழுக்க அந்தப் பெண்ணின் செக்ரோல்தான் கட்டுகிறது. இதற்குப் பெயர் கவனக்குறைவா? வட்டிக்கடனும் பிள்ளையின் பள்ளிச் செலவும் கண்ணுக்கு முன்னால் நிற்கும்போது, கண்ணைப் பணயம் வைப்பது அவர் போட்ட கணக்கு. அந்தக் கணக்கைப் போட வைத்தது யார் என்று கேட்காமல், அவருடைய "அறியாமை" பற்றி வகுப்பெடுக்க வருபவர்களுக்கு எங்கள் பதில் ஒன்றுதான்: ஒரு மழை நாளில் மலையேறி வந்து சொல்லுங்கள்.

தண்ணீரைப் பற்றிப் பேசும்போது இதையும் பேசாமல் விட முடியவில்லை. நோட்டன் பிரிட்ஜ் என்றால் நாட்டுக்கு நினைவு வருவது அணைக்கட்டு. கெஹெல்கமு ஓயாவை மறித்து நிற்கும் அந்தத் தண்ணி 1950 முதல் பழைய லக்சபான மின்நிலையத்தைச் சுழற்றுகிறது. 1965இல் இதே ஊரில் விமலசுரேந்திர மின்நிலையமும் வந்தது. ஆற்றை மறித்துக் குகை வெட்டி, குழாய் இறக்கி, மலைத் தண்ணியைத் துளித்துளியாக அளந்து கொழும்புக்கு வெளிச்சமாக அனுப்பத் தெரிந்த நாடு இது. அதே நாட்டுக்கு, அந்த அணைக்கு மேலே வேலை செய்யும் ஒருத்தியின் கண்ணில் ரெண்டு கிழமை தண்ணி விழாமல் பார்க்கத் தெரியவில்லையாம். நம்பச் சொல்கிறீர்களா?

"எல்லாம் நோயாளியின் பொறுப்பு" என்பவர்களுக்கு 2023 ஏப்ரலையும் நினைவூட்ட வேண்டியிருக்கிறது. நுவரெலியா மாவட்ட பொது வைத்தியசாலையில் கண்புரை சத்திரசிகிச்சை செய்துகொண்ட சிலரின் பார்வை, பிறகு ஊற்றிய ப்ரெட்னிசொலோன் துளி மருந்தால் பாதிக்கப்பட்டது. கொழும்பிலும் யாழ்ப்பாணத்திலும் அதே மருந்தால் பாதிக்கப்பட்டவர்கள் இருந்தார்கள். இறக்குமதியான அந்த மருந்து பாவனையிலிருந்து நீக்கப்பட்டது. அந்த மனிதர்கள் சொன்ன நேரத்துக்குச் சொன்ன மருந்தை ஊற்றியவர்கள். கவனமாக இருந்தவர்கள். கவனம் அவர்களைக் காப்பாற்றவில்லை. ஆறும் காலம் என்பது நோயாளி தனியாகத் தூக்கிச் சுமக்கக்கூடிய பாரமல்ல என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்? ஆஸ்பத்திரி, மருந்து வாங்கும் அமைச்சு, தோட்ட நிர்வாகம், வீடு என்று எல்லாரும் ஆளுக்கொரு முனை பிடிக்க வேண்டிய பாரம் அது.

சரி, என்னதான் கேட்கிறீர்கள் என்றால், எங்கள் கோரிக்கைகள் பெரிதில்லை.

ஒன்று, சிகிச்சைக்கு ஒரு தாள், தமிழில். அரசியலமைப்பின் 13ஆவது திருத்தத்தின்படி 1987 முதல் தமிழும் அரச கரும மொழி. அப்படியானால் கண்ணைப் பற்றிய அறிவுரை எங்கள் பெற்றோருக்குப் புரிகிற மொழியில் கையில் கிடைப்பது சலுகையல்ல. அந்தத் தாளில் என்ன சிகிச்சை நடந்தது, வெட்டு உண்டா இல்லையா, எத்தனை நாள், எந்தத் தண்ணி என்று தெளிவாக இருக்க வேண்டும். "ஷவர்" என்று எழுதாதீர்கள், "பீலி" என்று எழுதுங்கள்.

ரெண்டு, வைத்தியர் எழுதிக் கொடுக்கும் ஓய்வு நாட்களுக்குப் பேர் போட வேண்டும். கடை, காரியாலயங்களில் வேலை செய்பவர்களுக்குச் சம்பளத்தோடு லீவு கொடுக்க 1954ஆம் ஆண்டிலேயே சட்டம் வந்துவிட்டது. மலையில் நிற்பவரின் கண் மேசையில் இருப்பவரின் கண்ணைவிட மலிவா? தொழிற்சங்கங்கள் சம்பள நிர்ணய சபைக்குப் போகும்போது நாட்சம்பளத்தின் தொகையோடு இதையும் கொண்டு போகட்டும். "முதல்ல சம்பளம், மத்ததெல்லாம் பொறகு" என்று எத்தனை தலைமுறைக்குச் சொல்வீர்கள்?

மூன்று, அவசரமில்லாத புரைச் சத்திரசிகிச்சைகளுக்கு நாள் குறிக்கும்போது எங்கள் மழையையும் பாருங்கள். ஜனவரி முதல் மார்ச் வரை மழை குறைவு. காத்திருப்புப் பட்டியலில் இந்தப் பக்கத்து ஆட்களுக்கு அந்த மாதங்களை ஒதுக்குவதற்குக் காசு செலவில்லை, கலண்டர் மட்டும் போதும்.

அதுவரை நாங்கள் சும்மா இருக்கப் போவதில்லை. வாசிக்கிற நீங்களும் இருக்க வேண்டாம். வீட்டில் யாருக்காவது கண் சத்திரசிகிச்சை என்றால் கூடப் போங்கள். "வெட்டு இருக்கா? எத்தனை நாளைக்கு? நோவு வந்தா எங்க போறது?" என்று மூன்று கேள்வி கேட்டு, பதிலைத் தமிழில் எழுதி வாங்குங்கள். முகத்தைக் கழுவ விடாமல், கொதித்து ஆறிய தண்ணியில் சுத்தமான துணியை நனைத்துப் பிழிந்து, கண்ணுக்குள் படாமல் துடைத்து விடுங்கள். தலை குளிக்க வேண்டுமானால், வைத்தியர் சரி சொன்ன பிறகு, தலையைப் பின்னுக்குச் சாய்த்து வைத்து நீங்களே தண்ணி ஊற்றுங்கள். இரவில் கண்மூடியைப் போட்டு விடுங்கள். தாய்ப்பால், மூலிகைச் சாறு என்று யாராவது கிண்ணத்தோடு வந்தால் வாசலிலேயே மறியுங்கள். வலி கூடினாலோ, கண் சிவந்தாலோ, பார்வை மங்கினாலோ கிளினிக் நாளுக்குக் காத்திருக்க வேண்டாம், அன்றைக்கே பஸ் ஏறுங்கள்.

இதெல்லாம் பிள்ளைகள் செய்யக்கூடியவை. செய்வோம். ஆனால் ஒரு பிள்ளையின் அன்பை வைத்து ஒரு கம்பனியின் கடமையையும் ஒரு அரசின் கடமையையும் மூடி மறைக்கவும் விடமாட்டோம். தண்ணி படக்கூடாது என்று சொன்னவர்களே, படாமல் இருக்க ஒரு வழியையும் சேர்த்துத் தாருங்கள். அந்த வழிக்குப் பெயர் சம்பளத்தோடு லீவு.