விழுகிறவனும் தொழிலாளிதான்



சண்டைப் படம் என்றால் நமக்குத் தனிப் பிரியம். அதில் தவறில்லை. நாளெல்லாம் மூட்டையோடு மல்லுக்கட்டியவன், அநியாயக்காரன் அடிபடுவதைத் திரையில் கண்டு கொஞ்சம் மனம் ஆறுகிறான். ஆனால் கதாநாயகனின் ஒரே குத்தில் பத்தடி தள்ளிப் போய் விழுகிறானே, அவன் யார்? அதை நாம் கேட்பதில்லை. அவனும் நம்மைப் போல உடம்பை முதலாக வைத்துப் பிழைக்கிறவன்தான்.

ஜூடோ ரத்தினத்தை எடுத்துக்கொள்வோம். குடியாத்தத்துக்காரர். 1959-ல் 'தாமரைக்குளம்' படத்தில் நடிகராக நுழைந்தார். 1966-ல் மாடர்ன் தியேட்டர்ஸின் 'வல்லவன் ஒருவன்' அவரைச் சண்டைப் பயிற்சியாளராக்கியது. 1980-ல் வந்த 'முரட்டுக்காளை' ரயில் சண்டை அவர் அமைத்தது. ஓடும் வண்டியில் கால் வழுக்கினால் என்ன ஆகும் என்று ரயில்வேயில் இருக்கும் நமக்கு யாரும் சொல்லத் தேவையில்லை. 2023 ஜனவரி 26-ல், தொண்ணூறைக் கடந்த வயதில் அவர் மறைந்தபோது ரஜினிகாந்த் நேரில் வந்து அஞ்சலி செலுத்தினார்.

எல்லோருக்கும் அந்த முதுமை வாய்ப்பதில்லை. 1980 நவம்பர் 16-ல் சோழவரத்தில் ஹெலிகாப்டர் சண்டையில் ஜெயன் இறந்தார். கேரளமே அழுதது, அவர் நாயகன். 2025 ஜூலை 13-ல் நாகப்பட்டினம் அருகே 'வேட்டுவம்' படப்பிடிப்பில் கார் கவிழும் காட்சியில் சண்டைக் கலைஞர் மோகன்ராஜ் இறந்தார். அவர் பெயரே இறந்த பிறகுதான் நம்மில் பலருக்குத் தெரிந்தது.

"ஆபத்து தெரிந்துதானே போகிறார்கள், அதற்குத்தானே கூலி" என்பார்கள் சிலர். துறைமுகத்தில் கப்பல் சரக்கு இறக்கியவனிடமும் இதையேதான் சொன்னார்கள். மட்டாஞ்சேரியில் அன்று சாப்பா வில்லையைக் கூட்டத்துக்குள் வீசுவார்கள். அடித்துப் பிடித்துப் பொறுக்கியவனுக்கே வேலை. அதை எதிர்த்த போராட்டத்தில், 1953 செப்டம்பர் 15-ல் போலீஸ் சுட்டது. மூன்று தொழிலாளிகள் உயிர் கொடுத்தார்கள். பின்னாளில் சாப்பா ஒழிந்தது முதலாளியின் கருணையால் அல்ல, சங்கத்தின் பலத்தால்.

சண்டை அமைப்புக்குத் தேசிய விருது 2017-ம் ஆண்டுப் படங்களுக்குத்தான் முதலில் கிடைத்தது. 2027-ல் வெளியாகும் படங்கள் முதல் ஆஸ்காரும் தரப் போகிறதாம். நல்லது, வரவேற்போம். ஆனால் விருது அமைப்பவனுக்குப் போகும். விழுகிறவனுக்கு வேண்டியது வேறு: கையில் எழுத்து மூலமான ஒப்பந்தம், குடும்பத்துக்கு இன்ஷூரன்ஸ், படப்பிடிப்பு நடக்கும் இடத்தில் டாக்டரும் ஆம்புலன்சும். சினிமாத் தொழிலாளிக்கு எழுத்து மூலமான ஒப்பந்தம் வேண்டும் என்று நாடாளுமன்றம் 1981-லேயே சட்டம் செய்தது. சட்டம் செய்தால் போதுமா? கேட்டு வாங்க ஆள் வேண்டாமா?

கராத்தே வகுப்புக்குப் போகும் நம் வீட்டுப் பிள்ளைகளில் சிலருக்குக் கோடம்பாக்கக் கனவு உண்டு. தடுக்க வேண்டாம். ஆனால் முதல் முறை விழுவதற்கு முன் சங்கத்தில் சேரச் சொல்லுங்கள். பெற்றோர் சொல்ல வேண்டிய புத்தி அது ஒன்றே.