பழைய படத்துக்குப் புதிய வட்டு தேவையா?

சென்ற சனிக்கிழமை சைனாடவுன் மாரியம்மன் கோயிலில் வழிபட்டபின், வகுப்புக்கு ஒலிபெருக்கி வாங்கப் பீப்பிள்ஸ் பார்க் காம்ப்ளெக்ஸுக்குச் சென்றேன். பழைய படம் ஒன்றை மாணவர்க்குக் காட்டுவேன் என்றதும், 4கே வட்டுக் கருவியையும் சேர்த்து வாங்கும்படி கடைக்காரர் வற்புறுத்தினார். வீடு திரும்பும்வரை அதே யோசனை.

அந்தப் படம் சத்யஜித் ராயின் ‘பதேர் பாஞ்சாலி’ (1955). ஆண்டிறுதித் தேர்வு முடிந்ததும், துர்காவும் அப்புவும் நாணற்காட்டுக்குள் ஓடி இரயிலைக் காணும் காட்சியைத் தொடக்கநிலை 5 மாணவர்க்குக் காட்டிக் கட்டுரை எழுதச் சொல்வது என் வழக்கம். நாள்தோறும் எம்ஆர்டியில் வரும் பிள்ளைகள், அந்தக் கரும்புகையைக் கண்டு இருக்கையை விட்டு எழுவார்கள்! சென்ற ஆண்டு ஒரு மாணவி, “டீச்சர், அது பனியா?” என்று கேட்டாள். என்னிடமுள்ள பழைய டிவிடியில் நாணற்பூக்கள் வெறும் வெள்ளைத் திட்டாகத் தெரிந்தன. பாதிப் பேர் கட்டுரையில் பனி என்றே எழுதியிருந்தனர். பிழை அவர்களுடையதன்று.

ஆகவே மாற்றத்தான் வேண்டும். ஆனால் எதற்கு? டிவிடியில் 720×576 புள்ளிகள். சாதாரணப் புளூரேயில் 1920×1080. 4கே வட்டில் 3840×2160. எங்கள் வகுப்பறைப் படவீழ்த்தியோ 1920×1080க்கு மேல் காட்டாது. கூடுதல் புள்ளிகள் திரையை எட்டா.

உண்மையான வேறுபாடு வேறிடத்தில் இருக்கிறது. 1993இல் இலண்டன் ஆய்வகத் தீவிபத்தில் இப்படத்தின் மூல நெகட்டிவ் கருகியது. எஞ்சிய சுருள்களைப் பல ஆண்டுகள் காத்துவைத்து, இத்தாலியின் போலோஞா நகர ஆய்வகத்தில் ஈரப்பதமூட்டி நெகிழ்த்தி, ஒட்டுப் போட்டு, 4கே தரத்தில் பதிவுசெய்தார்கள். மூல நெகட்டிவிலிருந்து மீட்க முடிந்தது ஏறத்தாழ 40 விழுக்காடு. மீதிக்குப் பிற படிகள் உதவின. 2015இல் வெளிவந்த புளூரேயும் பின்னர் வந்த 4கே வட்டும் இம்மீட்பிலிருந்தே பிறந்தவை. நாணலைப் பனியிலிருந்து பிரித்துக் காட்ட எனக்குப் புளூரேயே போதும். அதற்கான கருவியும் பள்ளியில் உண்டு.

வீட்டில் பெரிய 4கே தொலைக்காட்சி வைத்திருக்கும் பெற்றோர் 4கே வட்டையே வாங்கலாம், தடையில்லை. ஆனால் எந்தப் படமானாலும், அட்டையில் உள்ள எண்ணைப் பார்க்குமுன், எந்தப் படச்சுருளிலிருந்து எடுத்தார்கள் என்று விசாரியுங்கள். கீறல் விழுந்த திரையரங்குப் படியிலிருந்து எடுத்தால், 4கே வட்டு கீறல்களைத்தான் கூர்மையாகக் காட்டும்.

நம் தமிழ்ப் படங்களை எண்ணும்போதுதான் மனம் சங்கடப்படுகிறது. 1964இல் வந்த ‘கர்ணன்’ 2012இல் படமும் ஒலியும் புதுப்பிக்கப்பட்டுத் திரையரங்குகளுக்கு வந்தபோது மக்கள் திரண்டனர். என் வீட்டிலுள்ள பழைய விசிடியிலோ சிவாஜியின் வசனத்தில் பாதி இரைச்சல். ழகர, ளகர வேறுபாட்டைக் காதால் கேட்டுப் பழக வேண்டிய சிங்கப்பூர்ப் பிள்ளைகளுக்கு இதை எப்படிப் போடுவது? மூலச் சுருளிலிருந்து முறையாக மீட்ட ‘கர்ணன்’ வட்டு கிடைக்குமானால், விலை பாராமல் வாங்குவேன். அந்தக் கடைக்காரரின் 4கே கருவியையும் சேர்த்து.

இப்போதைக்கு ஒலிபெருக்கியை மட்டும் வாங்கி வந்திருக்கிறேன். புளூரேக்குச் சொல்லியாயிற்று.