பாட்டிலில்தானா கௌரவம்?

வெயிலில் வந்த விருந்தாளிக்கு பாட்டிலை உடைத்துக் கொடுத்தால்தான் கௌரவம் என்று பல வீடுகளில் நினைக்கிறீர்கள். வீட்டு ஜூஸ் கொடுக்க 'என்ன நினைப்பாங்களோ' என்று கூச்சம்! 300 மி.லி. கோலாவில் சுமார் 30 கிராம் சர்க்கரை; அதாவது ஆறு டீஸ்பூன். பிள்ளைகளுக்கும் அதைத்தானே ஊற்றிக் கொடுக்கிறோம்?

இப்படிச் செய்து பாருங்களேன். விதை நீக்கிய தர்பூசணித் துண்டுகள் 2 கப், அரை எலுமிச்சம்பழச் சாறு, புதினா 5 இலை, சிட்டிகை சுக்குப் பொடி, துளி இந்துப்பு. மிக்ஸியில் ஒரு சுற்று, மண்பானைத் தண்ணீர் கொஞ்சம். அவ்வளவுதான்! வடிகட்டாதீர்கள், நார்ச்சத்து போய்விடும். சர்க்கரை வேண்டவே வேண்டாம். உடனே குடித்துவிடுங்கள். கடையில் வெட்டி வெச்ச பழமும், வெளி ஐஸும் ஆகவே ஆகாது.

சர்க்கரை நோயாளிகள் சாறாகக் குடிக்காமல், ஓரிரு துண்டு மென்று சாப்பிடுங்கள். சிறுநீரகக் கோளாறு உள்ளவர்கள் டாக்டரைக் கேட்காமல் தொட வேண்டாம்.

ஒண்ணு மட்டும் மறந்துடாதீங்க. வெயிலில் போனவர் உளறினாலோ, மயங்கினாலோ வாயில் எதையும் ஊற்றாதீர்கள். நிழலில் படுக்கவைத்து, உடம்பை நனைத்து விசிறியபடி, உடனே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோங்கள். சித்த வைத்தியன் நானே சொல்கிறேன்: பழச்சாறு தாகத்தைத் தணிக்கும், வெயில் தாக்கிய உயிரைக் காப்பாற்றாது.