கலாத்தியா கரைக்கு ஒரு சாட்சியம்

2004 டிசம்பர் 26 அன்று சுமத்ராவுக்கு அப்பால் கடலடி நிலம் பிளந்தபோது, அந்தமான் நிக்கோபார் தீவுகளின் வடிவமே மாறிற்று. நாட்டின் தென்கோடியான இந்திரா முனை நான்கு மீட்டருக்கும் மேல் தாழ்ந்தது. தரையில் நின்ற கலங்கரை விளக்கத்தின் அடிப்பகுதியைக் கடல் சூழ்ந்தது. வடக்கு அந்தமானிலோ பவளப்பாறைகள் நீருக்கு மேல் எழும்பி, வெயிலில் மடிந்தன. நிலமே நிலைகொள்ளாத இடத்தில், முன்பு இருந்தது இன்னதென்று பின்வருவோர்க்கு உரைக்க ஆவணத்தை விட்டால் வேறு துணையில்லை.

அத்தகைய ஆவணம் ஒன்றை நமக்கு அளித்திருக்கிறார் இயக்குநர் தைரா மலானி. 2024 நவம்பரில் நியூயார்க்கில் முதன்முதலாகத் திரையிடப்பட்ட 'டர்ட்டில் வாக்கர்' என்னும் அவரது படம், கடலாமை ஆய்வாளர் சதீஷ் பாஸ்கரின் வாழ்வை எடுத்துரைக்கிறது. சென்னை ஐ.ஐ.டி.யில் பொறியியல் பயில வந்த பாஸ்கர், ரோமுலஸ் விட்டேக்கரின் பாம்புப் பண்ணையோடு இணைந்து, ஆமைகளைத் தேடி நாலாயிரம் கிலோமீட்டருக்கும் மேலான கடற்கரையை நடந்தே ஆராய்ந்தவர். பெரிய நிக்கோபாரில் ஏழுவரி ஆமைகள் முட்டையிடும் மணற்கரைகளை முன்னோடியாகப் பதிவு செய்தவரும் அவரே. 2023-இல் அவர் மறைந்தார். ஒரு தலைமுறையின் நேரடி அறிவு அவரோடு அழிந்துவிடாமல் காத்தது இந்தப் படம்.

சூழலியல் ஆவணப்படம் பொழுதுபோக்கன்று, அது சான்று. மைக் பாண்டே 2000-இல் குஜராத்தின் திமிங்கலச் சுறா வேட்டையைப் படமாக்கினார். மறு ஆண்டே அவ்வுயிருக்குச் சட்டப் பாதுகாப்பு கிடைத்தது. குதிரேமுகச் சுரங்கத்தின் கேட்டைச் சென்னையைச் சேர்ந்த சேகர் தத்தாத்ரி 2001-இல் காட்சிப்படுத்தினார். 2005-ஆம் ஆண்டு முடிவுக்குள் சுரங்கப்பணியை நிறுத்துமாறு 2002-இல் உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது. களப்போராளிகளும் வழக்காடியவர்களும் அடைந்த வெற்றிகள் இவை. எனினும், காட்டுக்குள் நடப்பதை நாட்டின் கண்முன் நிறுத்தியதில் படக்கருவிக்கும் பங்குண்டு.

இன்று அந்தச் சான்று மிகவும் தேவைப்படுவது பெரிய நிக்கோபாரின் கலாத்தியா விரிகுடாவில்தான். அங்கிருந்த வனவுயிர்ச் சரணாலயத்தின் அறிவிக்கை 2021-இல் நீக்கப்பட்டது. சரக்குப் பெயர்ப்புத் துறைமுகம், விமான நிலையம், நகரியம் ஆகியவை அடங்கிய திட்டத்துக்கு 2022-இல் சுற்றுச்சூழல் அனுமதி தரப்பட்டது. ஏறத்தாழ 130 சதுர கிலோமீட்டர் காடு இதற்காக மாற்றப்படவிருக்கிறது. 2004-இன் ஆழிப்பேரலை அரித்த மணற்கரை தானாகவே மீண்டது. ஆமைகளும் திரும்பி வந்தன. இயற்கை அழித்ததை இயற்கையே ஈடுசெய்தது. காங்கிரீட்டின் அடியில் புதையும் கரைக்கு அந்த மீட்சி இல்லை. கடல் பொங்கிய வரலாறும் நிலம் தாழ்ந்த வரலாறும் உடைய கரையில் நகரம் எழுப்புவது, அங்கே குடியேறும் மக்களின் உயிரையும் பணயம் வைப்பதாகும்.

எனவே அரசிடம் நாம் வலியுறுத்துவன மூன்று. களப்பதிவுகளையும் ஆவணப்படங்களையும் வல்லுநர் குழுக்கள் முறையான சான்றாக ஏற்று ஆராய வேண்டும். தீவுகள் குறித்து அரசு காப்பகங்களில் உள்ள பழைய படச்சுருள்களை, பழங்குடியினரின் தனிமைக்கு ஊறு நேராவண்ணம், மக்கள் பார்வைக்குத் திறந்துவிட வேண்டும். விதிகளை மதித்து நடக்கும் படைப்பாளிகளுக்கு அனுமதியும் பொது நிதியும் தாமதமின்றிக் கிடைக்க வேண்டும். காட்சியாகக் கண்முன் நிற்கும் உண்மையைப் புறந்தள்ளி எடுக்கும் முடிவுக்கு, அறியாமை என்னும் சாக்கு எந்த அரசுக்கும் பொருந்தாது.