கேட்போர் இல்லாத் தனிமை

நாகரிகமொன்று வீழ்ந்ததெனக் கேட்டவுடன் இடிந்த மதில்களும் மண்மூடிய மாளிகைகளுமே நம் மனக்கண்முன் தோன்றுகின்றன. ஆயின், கல்லும் மரமும் மீண்டும் அடுக்கத்தக்கன. ஒருவர் கூறுவதைக் கேட்டு மறுமொழி பகர்வார் எவரும் இலராதலே மெய்யான வீழ்ச்சி என்பது எம் கருத்து.

கி.மு. 586-இல் எருசலேம் நகரைப் பாபிலோனியர் எரித்தனர். அவ்வழிவை எண்ணி அழுத பாடல்கள் திருமறையிற் புலம்பல் என்னும் பெயரால் விளங்குகின்றன. பாரி மாய்ந்தபின் பறம்பை நீங்கிய கபிலரின் துயரம் புறநானூற்றில் உளது. அவர்தம் இழப்புப் பெரிதே. எனினும், அழுத மொழியை அறிந்தார் அருகில் இருந்தனர். பாரி மகளிர் கபிலருடன் சென்றனர். சிறைப்பட்ட யூதர் தம்முட் கூடி அழுதனர்.

அத்துணையும் இழந்தாரை அந்தமான் தீவுகளிற் காண்கிறோம். 1858-இல் ஆங்கிலேயர் ஆங்குக் குடியேற்றம் நிறுவியபொழுது, பெரிய அந்தமானியர் பத்துக் குலத்தினராய் ஆயிரக்கணக்கில் வாழ்ந்தனர். புதியோர் கொணர்ந்த நோய்களால், சிறப்பாக 1877-இற் பரவிய தட்டம்மையால், அவர் அருகினர். 1901-இல் எஞ்சியோர் 625 பேர்; 1961-இல் 19 பேரே. அக்குலங்களுள் ஒன்றன் மொழியாகிய போ மொழியைப் பேசிய இறுதியானவர் போவா என்னும் மூதாட்டியார். அவர் 2010 சனவரியில், ஏறத்தாழ 85 அகவையில் இறந்தார். தம் மொழியில் உரையாட ஒருவரும் இன்மையின் அவர் பறவைகளோடு பேசுவார் என, அவரிடம் அம்மொழி கேட்டறிந்த அறிஞர் அன்விதா அப்பி கூறியுள்ளார். சுற்றிலும் மக்கள் இருந்தனர். அவர்களோடு பேச அவர் இந்தி கற்றார். ஆயினும், தம் அன்னையிடம் கேட்ட சொல்லுக்கு மறுசொல் எங்கும் இல்லை.

கோட்டையும் கோபுரமும் இல்லார்க்கு நாகரிகம் ஏது என வினவுவாரும் உளர். கடலையும் காட்டையும் பெயரிட்டறிந்து, கதையும் பாட்டும் வழிவழி ஈந்தாரை நாகரிகம் அற்றார் எனல் தகுமோ?

அப்பி அவர்கள் பெரிய அந்தமானிய மொழிக்கு இயற்றிய இலக்கணம் 2013-இல் வெளிவந்தது. அரும்பணியே, ஆயினும், நூல் சொல்லைக் காக்குமேயன்றி உரையாடலை மீட்டுத் தராது. தமிழ் பயிலும் நாம் இதனை ஊன்றி எண்ணல் வேண்டும். நீலகிரியில் வாழும் தோடர், கோத்தர் மொழிகள் தமிழுக்கு உறவாயின. அவற்றைப் பேசுவோரோ மிகச் சிலர். தமிழின் தொன்மை பேசி மகிழும் நாம் அம்மொழிகளில் ஒரு சொல்லேனும் அறிவோமா? இறுதி மூதாட்டி தனித்திருக்குங்கால் ஒலிப்பதிவுக் கருவியுடன் செல்லுதலினும், பாட்டிக்குப் பேரக்குழந்தை விடையிறுக்கும் இக்காலத்தே சென்று கேட்டுக் கற்றல் நம் கடனாகும்.