பில்டர் எங்கே இருக்கிறது?

மலையடிவாரத்துப் போடிநாயக்கனூருக்கு, அதாவது போடிக்கு, வந்த ரயிலைப் பற்றி இந்த வாரம் எழுதுவதாகச் சென்ற வாரம் வாக்களித்திருந்தேன். 1928ஆம் ஆண்டில் வந்து, இரண்டாம் உலக யுத்தத்தின்போது தண்டவாளங்கள் பெயர்த்தெடுக்கப்பட்டு, பின்னர் மீண்டும் போடப்பட்டு, 2010ஆம் ஆண்டின் முடிவில் அகலப்பாதைப் பணிக்காக நிறுத்தப்பட்டு, 2023 ஜூன் 15ஆம் தேதி சென்னைக்கே நேராகப் புறப்பட்ட அந்த ரயிலுக்கு இன்னும் அதிக சேவை வேண்டும் என்று ஏலக்காய் வியாபாரிகள் கேட்பது முற்றிலும் நியாயமானது. ஆயினும் ரயில் அடிவாரத்தோடு நின்றுவிடுகிறது. அதற்கு மேலே, நாலாயிரம் அடிக்கு அப்பாலுள்ள போடிமெட்டுக்கும், அதைத் தாண்டிப் பூப்பாறைக்கும் உரமூட்டைகளை ஏற்றிச் செல்வதும், அங்கிருந்து ஏலக்காய் மூட்டைகளை இறக்கி வருவதும் பழைய ஜீப்புகளும் பிக்கப் வண்டிகளுந்தான். இந்த வாரம் என் மனத்தைக் கலக்கியதும் அத்தகைய ஒரு வண்டியே.

பொட்டிபுரத்து நண்பர் ஒருவரின் பழைய பிக்கப், பாரத்தோடு மலையேறுகையில் ஒரு கொண்டையூசி வளைவில் மூச்சுத் திணறி நின்றுவிட்டது. ஓட்டிவந்த பிள்ளை பல வருஷங்களாக அந்தச் சாலையில் ஓட்டுகிறவன்; கெட்டிக்காரன். “டீசல் பில்டரைப் பார்த்தாயா, தம்பி?” என்று கேட்டபோது, “அது எங்கண்ணே இருக்கு?” என்று அவன் திருப்பிக் கேட்டான். அந்தக் கேள்வி என்னை இந்த வாரம் முழுவதும் விடவில்லை.

பில்டர் அடைத்து வண்டி நின்றுபோவது சமவெளியில் ஒரு தொந்தரவு. மலைச்சரிவில் அது அபாயம். பிரேக்குக்குத் துணைசெய்யும் வெற்றிட விசை இயந்திரம் ஓடுகிற வரையில்தான் கிடைக்கும். இயந்திரம் அணைந்தபின் இரண்டு மூன்று முறை மிதித்தால் பெடல் கல்லாக இறுகிவிடும். பின்னால் சரக்கும், சில வேளைகளில் சரக்கின்மேல் மனிதர்களும் இருக்கையில், பில்டருக்குள் இருக்கும் அற்ப விலையுள்ள ஒரு காகிதச் சுருளை மாற்றாத அசிரத்தைக்கு யார் விலை கொடுப்பது?

பில்டர் இருக்குமிடத்தைக் கண்டறிவதற்குப் பெரிய வித்தை எதுவும் தேவையில்லை. டாங்கிலிருந்து புறப்படும் குழாயை விரலால் தொடர்ந்து சென்றால், அது டீசல் பம்பை அடைவதற்கு முன் நுழைந்து வெளியேறும் உருளையே பில்டர். பழைய டீசல் வண்டிகள் பலவற்றில் அது பானெட்டுக்குள், இயந்திரத்தின் பக்கவாட்டில், ஒன்றாகவோ இரட்டையாகவோ தொங்கும். 1951இல் தொடங்கிய மைகோ நிறுவனத்தின் பம்புகளும் நாசில்களும் இந்நாட்டு டீசல் வண்டிகளில் ஒரு தலைமுறைக்கு மேலாக உழைத்திருக்கின்றன. அந்தப் பம்பின் உள்ளுறுப்புகளுக்கு இடையே உள்ள இடைவெளி தலைமயிரின் கனத்தில் ஒரு சிறு பங்கே. டாங்கின் துருவும், பீப்பாயில் வைத்திருந்த டீசலோடு வந்த தண்ணீரும், பாதி காலியான டாங்கினுள் மலைக்குளிரில் படியும் ஈரமும் அங்கே சென்று சேர்ந்தால், பில்டரில் மிச்சம் பிடித்த காசைப்போலப் பன்மடங்கு காசு பம்புக்கடைக்குப் போகும்.

மாற்றும் முறையும் நேரானதே. இயந்திரம் ஆறிய பிறகு, பீடியும் நெருப்பும் அருகில் இல்லாமல், முதலில் பில்டரின் வெளிப்புறத்தைத் துடைக்க வேண்டும். இல்லையேல் திறந்தவுடன் புழுதி உள்ளே விழும். பழைய சுருளையும் அதன் ரப்பர் வளையங்களையும் எடுத்துவிட்டுப் புதியவற்றைப் பொருத்த வேண்டும். பழைய வளையத்தையே மீண்டும் போடுவது காற்றை விருந்துக்கு அழைப்பதாகும். பிறகு மேலேயுள்ள காற்றுத் திருகைத் தளர்த்திக் கைப்பம்பை அழுத்தினால் முதலில் நுரையாகவும் பின்னர் குமிழியற்ற தெளிந்த டீசலாகவும் வரும். அப்போது திருகை இறுக்க வேண்டும். ஏர் லாக் என்று மெக்கானிக்குகள் சொல்வது, இந்தக் கடைசிக் காரியத்தைச் செய்யாமல் விடுவதன் பலன். வடித்த டீசலை ஓடையோரத்தில் கொட்டக்கூடாது. அந்த ஓடைகள்தாம் கொட்டகுடி ஆற்றுக்குப் போகின்றன.

இவ்வளவும் அந்தப் பிள்ளைக்கு ஏன் தெரியவில்லை? இங்கேதான், வாசகர்கள் பலமுறை கேட்டுச் சலித்திருக்கக்கூடிய என் பழைய முறையீட்டுக்கு வந்து சேருகிறேன். வண்டியின் பெட்டிக்குள் கிடந்த கையேட்டை எடுத்துப் பார்த்தேன். பில்டரின் படமும் மாற்ற வேண்டிய கால அளவும் அதில் இருந்தன, ஆனால் ஆங்கிலத்தில். மலைச்சாலையில் உயிரைப் பணயம் வைத்து ஓட்டுகிறவனுக்கு உரிய அறிவு, அவனால் படிக்க முடியாத பாஷையில், அவன் கைக்கெட்டும் தூரத்திலேயே பூட்டிக் கிடக்கிறது. தமிழில் இயலாத காரியமா இது? பெரியசாமித் தூரனைப் பதிப்பாசிரியராகக் கொண்டு, தமிழ் வளர்ச்சிக் கழகம் 1954 முதல் 1968 வரை கலைக்களஞ்சியத்தைப் பத்துத் தொகுதிகளாகக் கொண்டுவந்தது. அந்தத் தொகுதிகளை நான் இன்றும் அடிக்கடி எடுத்துப் படிப்பவன். விஞ்ஞானத்தையும் யந்திரங்களையும் எவ்வித அலட்டலுமின்றி, படித்தவனுக்கும் பாமரனுக்கும் பொதுவான வாக்கியங்களில் அவை விளக்கும் அழகைக் காணும்போதெல்லாம், கணிப்பொறியும் விரைவு அச்சும் இல்லாத காலத்தில் செய்து முடித்ததை, எல்லாச் சௌகரியமும் வாய்த்த நாம் ஒரு நாற்பது பக்கக் கையேட்டுக்குக்கூடச் செய்யாதிருக்கிறோமே என்ற துக்கம் எனக்கு மிகுகிறது. நூலகங்களில் அந்தத் தொகுதிகள் கிடைத்தால் வாசகர்கள் அவசியம் எடுத்துப் பார்க்க வேண்டும்.

வண்டி செய்கிறவர்கள் தமிழ்நாட்டில் விற்கும் ஒவ்வொரு சரக்கு வண்டியோடும் தமிழ்க் கையேடு ஒன்றைத் தர வேண்டும். ஓட்டுநர் உரிமம் வழங்குமுன் பில்டர் எங்கே என்று ஒரு கேள்வியாவது கேட்கப்பட வேண்டும். அதுவரையில், போடி, தேவாரம், கம்பம் பகுதிகளில் வண்டி வைத்திருக்கும் அன்பர்களே, அடுத்த முறை பில்டர் மாற்றும் நாளில் ஓட்டுநரையும் பக்கத்தில் நிறுத்தி, மெக்கானிக்கின் கையிலிருக்கும் ஸ்பானரை ஒரு தரம் அவர் கையில் கொடுக்கச் சொல்லுங்கள்.