பல்லில்லாத முதியவரும் பதினேழு இலட்சம் ஆண்டுகளும்

கோயில்களில் அன்னதானப் பந்தி நடக்கும்போது ஒரு காட்சியைக் காணலாம். பந்தியின் ஓரத்தில் பல் விழுந்த மூதாட்டி ஒருவர் இலை முன் அமர்ந்திருப்பார். பரிமாறுகிறவர் அவரைக் கண்டதும் ஒரு கணம் நின்று, குழைந்த சோறாகப் பார்த்து எடுத்து வைத்து, ரசத்தைத் தாராளமாக விட்டு, பொரியலைக் குறைத்துக்கொண்டு அடுத்த இலைக்கு நகர்வார். இப்படிச் செய்ய வேண்டும் என்று அவருக்கு யாரும் சொல்லித் தந்திருக்க மாட்டார்கள். இந்தப் பழக்கத்தின் வயது என்னவாக இருக்கும்? மனித இனத்தின் தொடக்கத்தை ஆராய்கிற அறிஞர்கள், வேறோர் ஆய்வின் நடுவே இக்கேள்வியை எதிர்கொள்ள நேர்ந்தது.

காக்கேசிய மலைகளுக்குத் தெற்கே ஜார்ஜியா என்னும் சிறிய நாடு இருக்கிறது. அங்கே த்மனீசி என்ற ஊரில், ஒரு மேட்டின்மீது ஆறாம் நூற்றாண்டுத் தேவாலயமும் அதைச் சுற்றி இடைக்கால நகரம் ஒன்றின் இடிபாடுகளும் உள்ளன. அந்நகரத்தின் வரலாற்றை அறியவே தொல்லியலாளர்கள் அங்கு தோண்டினார்கள். 1983-ஆம் ஆண்டில் காண்டாமிருகத்தின் பல் ஒன்று அகப்பட்டது. மறு ஆண்டு கற்கருவிகள் கிடைத்தன. 1991-இல் மனித இனத்தைச் சேர்ந்த ஒரு தாடையெலும்பு வெளிப்பட்டது. அதன்பின் டேவிட் லோர்ட்கிபானிட்சே என்ற அறிஞரின் தலைமையில் நடந்த ஆய்வில், ஒன்றன்பின் ஒன்றாக ஐந்து மண்டையோடுகள் கிடைத்துள்ளன. அவற்றின் காலம் ஏறத்தாழ 17 இலட்சத்து 70 ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பு. ஆப்பிரிக்காவுக்கு வெளியே கிடைத்த மிகப் பழைய மனித மண்டையோடுகளுள் இவையும் அடங்கும்.

அவற்றுள் 2002-இல் கிடைத்த ஒன்று அறிஞர்களை வியக்க வைத்தது. அதற்குரிய கீழ்த்தாடை மறு ஆண்டு கிடைத்தது. இரண்டையும் சேர்த்துப் பார்த்தால், அந்த மனிதர் இறக்கும்போது அவர் வாயில் ஒரே ஒரு கோரைப்பல்தான் மிஞ்சியிருந்திருக்கிறது. பற்கள் இறந்தபின் உதிர்ந்தவை அல்ல. இறந்த பிறகு பல் உதிர்ந்தால் தாடையில் குழி அப்படியே இருக்கும். உயிரோடு இருக்கும்போது உதிர்ந்தால்தான் எலும்பு வளர்ந்து குழி தூர்ந்துபோகும். பிறகு தாடையே சிறிது சிறிதாகத் தேய்ந்து இறங்கும். பல்செட் கட்டிக்கொண்டவர்களுக்கு இது பழகிய செய்தி. நாளடைவில் செட் தளர்ந்துபோவதற்கும் இந்தத் தேய்மானமே காரணம். த்மனீசி முதியவரின் தாடை அவ்வாறு தேய்ந்திருந்தது. ஆகவே, பல் போன பிறகும் அவர் ஆண்டுக்கணக்கில் உயிர் வாழ்ந்திருக்கிறார். இச்செய்தி 2005-ஆம் ஆண்டில் 'நேச்சர்' என்னும் அறிவியல் இதழில் வெளியாயிற்று.

வாளைப் போன்ற கோரைப் பற்களையுடைய பெரும்பூனைகள் உலவிய இடம் அது. நெருப்பைக் கையாண்டதற்கான தடயம் அங்கே கிடைக்கவில்லை. வேகவைத்த சோறும் இல்லை, கஞ்சியும் இல்லை. பல்லில்லாத ஒருவர் அங்கே எதைத் தின்று உயிர் வாழ்ந்தார்? எலும்பை உடைத்து எடுத்த மச்சையையோ, கல்லால் நசுக்கிய இறைச்சியையோ, மென்மையான செடிகொடிகளையோ பிறர் அவருக்குக் கொடுத்திருக்கலாம் என்பது ஆய்வாளர்களின் கருத்து. அவரே கல்லெடுத்து நசுக்கித் தின்றிருக்கவும் கூடும் என்று சிலர் மறுக்கிறார்கள். எலும்பு அதற்குமேல் சாட்சி சொல்லாது. ஆயினும், கூட்டத்தோடு இருந்ததாலேயே அவர் அத்தனை காலம் பிழைத்தார் என்று எண்ணுவதற்கு இடமிருக்கிறது.

மனித வரலாற்றில் இவர் எந்தப் படியில் நிற்கிறார்? 'மனிதன் குரங்கிலிருந்து வந்தான்' என்று சுருக்கமாகச் சொல்லிவிடுவது வழக்கம். அறிவியல் அப்படிச் சொல்லவில்லை. மனிதனுக்கும் சிம்பன்சிக்கும் பல இலட்சம் ஆண்டுகளுக்கு முன் ஒரே மூதாதை இருந்தது. அங்கிருந்து இரு கிளைகள் பிரிந்தன என்பதே அதன் முடிவு. அந்தக் கணக்கில் சிம்பன்சி மனிதனுக்குப் பாட்டன் ஆகாது, தூரத்துப் பங்காளியே ஆகும்.

பிரிவு நிகழ்ந்த காலத்தை ஒட்டிய மண்டையோடு ஒன்று ஆப்பிரிக்காவின் சாட் நாட்டில் 2001-இல் கிடைத்தது. அதன் வயது ஏறத்தாழ 70 இலட்சம் ஆண்டுகள். தான்சானியாவின் லயடோலி என்னுமிடத்தில், எரிமலைச் சாம்பலில் பதிந்த காலடித் தடங்களை 1978-இல் மேரி லீக்கியின் குழுவினர் கண்டார்கள். 36 இலட்சம் ஆண்டுகளுக்கு முன்பே இரு காலால் நிமிர்ந்து நடந்தவர்களின் தடங்கள் அவை. எத்தியோப்பியாவில் 1974-இல் கிடைத்த 'லூசி' என்னும் பெண்ணின் எலும்புக்கூடு ஏறத்தாழ 32 இலட்சம் ஆண்டுகள் பழமையானது. மனிதப் பேரினத்தைச் சேர்ந்ததாகக் கருதப்படும் மிகப் பழைய தாடை, அதே நாட்டில் கிடைத்த 28 இலட்சம் ஆண்டுத் தாடை. அதற்கு அடுத்த காலத்தவர் த்மனீசி முதியவர். அவருடைய மூளை, இன்றைய மனித மூளையில் பாதி அளவுகூட இல்லை. இன்றைய மனித இனத்தின் மிகப் பழைய சான்றுகளோ மொராக்கோ நாட்டில் கிடைத்தவை. அவற்றுக்கு ஏறத்தாழ 3 இலட்சம் ஆண்டு வயதுதான்.

இத்தனை இலட்சங்களைக் கேட்டுத் திகைக்க வேண்டியதில்லை. ஒவ்வொரு பூஜையின் சங்கல்பத்திலும் கல்பம், மன்வந்தரம், யுகம் என்று காலத்தைச் சொல்லிப் பழகியவர்கள் பக்தர்கள். கலியுகம் ஒன்றுக்கே 4,32,000 ஆண்டுகள் என்பது புராணக் கணக்கு. இரண்டு கணக்குகளையும் இழுத்துப் பிடித்து ஒன்றாக்க முயல்வதால் எதற்கும் பெருமை சேராது. மண்ணடுக்கைக் கொண்டு காலத்தை அளப்பது ஒரு வகை. இறைவனின் பெருமைக்கு முன் மனித வாழ்வின் சிறுமையை உணர்த்தக் காலத்தைச் சொல்வது மற்றொரு வகை. பேரப்பிள்ளைகள் பள்ளிப் பாடத்தைக் கொண்டுவந்து கேட்டால், அஞ்சாமல் அமர்ந்து கேட்கலாம்.

அந்தப் பாடத்தில் தமிழ்நாட்டுக்கும் இடமுண்டு. 1863-இல் பல்லாவரத்தில் ராபர்ட் புரூஸ் ஃபூட் ஒரு பழைய கற்கருவியைக் கண்டெடுத்தார். அதே ஆண்டில் கொசஸ்தலை ஆற்றுப் படுகையில் உள்ள அதிரம்பாக்கத்தையும் அவர் அடையாளம் கண்டார். அங்கே சாந்தி பப்புவின் குழுவினர் ஆழத்தில் கண்டெடுத்த கைக்கோடரிகள் ஏறத்தாழ 15 இலட்சம் ஆண்டுகள் பழமையானவை என்று 2011-இல் அறிவிக்கப்பட்டது. அவற்றைச் செய்தவர்களின் எலும்பு கிடைக்காததால், அவர்களுள் யார் யாரைப் பேணினார்கள் என்பதை அந்த மண் சொல்லவில்லை.

பேணியதற்குத் தெளிவான சான்று இராக்கின் வடபகுதியில் உள்ள ஷானிடார் குகையில் இருக்கிறது. 1957-இல் ரால்ஃப் சொலெக்கி என்பவர் அங்கு ஒரு நியாண்டர்தால் மனிதரின் எலும்புக்கூட்டைக் கண்டார். ஏறத்தாழ 45 ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்தவர் அவர். வலக்கை முழங்கைக்குக் கீழே இல்லை. இடக்கண் குழியில் பலத்த அடி. அந்தக் கண்ணில் பார்வை இருந்திருக்காது. காதும் மந்தம். காயங்கள் இறப்பதற்குப் பல ஆண்டுகளுக்கு முன்பே ஆறியிருந்தன. நாற்பது வயதைத் தாண்டி அவர் வாழ்ந்தார் என்றால், அவருக்காக வேட்டையாடியவர்களும் ஆபத்து வந்தபோது எச்சரித்தவர்களும் இருந்திருக்க வேண்டும். நியாண்டர்தால் மக்களும் அயலார் அல்லர். இந்தியர் உள்பட, ஆப்பிரிக்காவுக்கு வெளியே வாழும் மக்களின் மரபணுவில் நூற்றுக்கு ஏறத்தாழ இரண்டு பங்கு அவர்களிடமிருந்து வந்ததே.

முதியோர் சோறு வாங்கியவர்கள் மட்டும்தானா? தான்சானியாவில் காட்டுக் கிழங்கும் கனியும் தேனும் வேட்டையும் கொண்டு வாழும் ஹாட்சா மக்களிடையே கிறிஸ்டன் ஹாக்ஸ் என்ற மானிடவியல் அறிஞர் ஆய்வு செய்தார். அங்கே பாட்டிமார் நாள்தோறும் கெட்டி நிலத்தைக் கிளறிக் கிழங்கு அகழ்கிறார்கள். தாய் கைக்குழந்தையோடு இருக்கும் காலத்தில், பால் மறந்த மூத்த பிள்ளையின் உடல் தேறுவது பாட்டியின் உழைப்பைப் பொறுத்தே இருந்தது. பிள்ளைப்பேற்றுக் காலம் முடிந்த பின்னும் பெண்கள் பல்லாண்டுகள் வாழ்வது மற்ற உயிரினங்களில் மிக அரிது. மனித இனத்தில் அது பொதுவாக அமைந்ததற்கு, பாட்டி ஊட்டிய பேரப்பிள்ளைகள் அதிகமாகப் பிழைத்ததே காரணம் என்பது அவருடைய கோட்பாடு. எல்லா அறிஞரும் இதை ஏற்றுக்கொண்டுவிடவில்லை. என்றாலும் முதுமையைப் பயனற்ற மிச்சமாக எண்ணியவர்களை இக்கோட்பாடு மறுபடி சிந்திக்க வைத்தது.

வயது முதிர்ந்தவர் பலரின் வாயில் இன்று அடிக்கடி வரும் சொல், 'இனி நான் யாருக்கும் பாரமாக இருக்கக் கூடாது' என்பது. கண் மங்கி, கால் தளர்ந்து, மருந்துச் செலவு ஏறும்போது அந்த எண்ணம் எழுவது இயல்பே. ஆனால் மண்ணிலிருந்து கிடைத்த எலும்புகள் வேறொன்றைச் சொல்கின்றன. மூளை இன்றைய அளவில் பாதிகூட வளராத காலத்திலேயே பல்லில்லாத ஒருவர் தம் கூட்டத்தோடு ஆண்டுக்கணக்கில் வாழ்ந்திருக்கிறார். எழுத்தும் உழவும் தோன்றுவதற்கு முன்பே, ஒரு கை இழந்தவருக்குக் குகையில் இடம் இருந்திருக்கிறது. பெற்றோரைக் காவடியில் வைத்துச் சுமந்த சிரவணனின் கதையைப் பாரதநாடு போற்றி வந்ததும் இதே உணர்வினால்தான்.

ஆகவே, பந்தியில் ஒருவர் குழைந்த சோற்றைப் பார்த்து எடுத்து வைக்கும்போது, முதியவர்கள் கூச்சமின்றி அதை ஏற்றுக்கொள்ளலாம். பிள்ளைகளுக்கு ஒரு காலத்தில் சோறு பிசைந்து ஊட்டிய கைகள்தாமே அவை.